சங்கக்கடை வரிசையில் மூன்று சகோதரிகள்

1990 ஜூனில் அரசுக்கும் புலிகளுக்கும் இடையே மீண்டும் போர் மூண்டபின் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லை. மண்ணெண்ணெய்க்கும் சவர்க்காரத்துக்கும் தட்டுப்பாடு, பற்றரிக்குத் தடை. அந்த ஆண்டுகளில் குடாநாட்டின் வலிகாமம் பகுதியில் ஒரு கூட்டுறவுச் சங்கக்கடையில் எழுதுவினைஞராக இருந்தேன். நிவாரண அட்டைக்குப் பொருள் கொடுத்துக் கையெழுத்து வாங்குவது என் வேலை. குடும்பத் தலைவர் என்ற இடத்தில் ஆணின் பெயர் இருக்கும்; வரிசையில் பெரும்பாலும் பெண்கள்தான் நிற்பார்கள்.

பலாலிப் பக்கமிருந்து இடம்பெயர்ந்த மூன்று சகோதரிகளை அங்கேதான் அறிந்தேன். மூத்தவர் ஆசிரியை. குண்டு போட்ட அரசே சம்பளமும் அனுப்பியது என்பதை இன்றைய பிள்ளைகளுக்கு விளங்கவைப்பது கடினம். பிந்தி வந்தாலும் வந்தது. நடுவிலாளின் கணவர் வெங்காயச் செய்கைக்காரர். தோட்டம் இராணுவ எல்லைக்குள் அகப்பட்டுவிட்டது. இளையவர் தையல்காரி. பழஞ்சேலையை வெட்டி இரு வீட்டுப் பிள்ளைகளுக்கும் சட்டை தைப்பார்.

அக்காவின் காசை நடுவிலாள் சும்மா வாங்கியதே இல்லை. மூன்று வீட்டுக்கும் விடிய முன்னரே வந்து வரிசையில் நிற்பது அவர்தான். அப்படியும் சண்டை வரும். ஒருமுறை அரைப் போத்தல் மண்ணெண்ணெய்க்காக என் மேசை முன்னாலேயே வாக்குவாதப்பட்டார்கள். மூத்தவரின் மகள் சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கிறாள், ஜாம் போத்தல் விளக்கு அவளுக்குத்தான் என்று நடுவிலாள். தாயாருக்கு இரவில் கண் தெரியாது, எண்ணெய் உன் வீட்டில்தான் இருக்கவேண்டும் என்று மூத்தவர். மற்றவருக்குக் கொடுக்கத்தான் இருவரும் சண்டை பிடித்தார்கள். வரிசை நீண்டுகொண்டே போனது. கடைசியில் இளையவர் போத்தலைப் பறித்துக்கொண்டு நடந்தார். அந்த மாதம் மகள் பாட்டி இருந்த நடுவிலாளின் வீட்டில் தங்கிப் படித்தாளாம்.

அன்பைவிட அவர்களுடைய முன்யோசனையைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். காணி உறுதி, பிறப்புச் சான்றிதழ், அட்டை எல்லாவற்றையும் முன்கூட்டியே மூன்று பைகளில் பிரித்து வைத்திருந்தார்கள். ஒரு பை தொலைந்தாலும் மற்ற இரண்டும் மிஞ்சும் என்பது அவர்கள் கணக்கு.

1995 ஒக்டோபர் 30 இரவு, இராணுவம் நெருங்கி வர, வலிகாமமே மழையில் நாவற்குழிப் பாலத்தைக் கடந்து கிழக்கே தென்மராட்சிப் பகுதிக்கு நடந்தது. அங்கே சாவகச்சேரியில் நிவாரணப் பதிவுக்கு என்னையும் இருத்தினார்கள். ஆவணமின்றி அழுதவர்களுக்கு நடுவே இந்த மூவரும் பைகளோடு வந்து நின்றார்கள், இரண்டு பைகளோடு. தாயார் சைக்கிள் கரியரில் இருந்தார்.

எத்தனை குடும்பம் என்று கேட்டேன். "ஒன்று" என்றார் மூத்தவர். "மூன்று என்று எழுதுங்கள் தம்பி, அட்டை மூன்று வேண்டும்" என்றார் நடுவிலாள்.

அப்படியென்றால் அடுப்பும் மூன்றா என்றேன்.

"விறகு விற்கிற விலைக்கு அது கட்டாது" என்றார்.