ஐந்தாவது பேர்

அந்த அம்மா கேட்டது சீனி இல்லை. அது எனக்கு அன்றைக்கே விளங்கியிருக்க வேண்டும்.

2006 ஆகஸ்ட் 11 சண்டையில் முகமாலைப் பாதை, யாழ்ப்பாணத்துக்கு இருந்த தரைவழி, பூட்டியதோடு கப்பல் வந்தால்தான் சாமான் என்றாகிவிட்டது. கூட்டுறவுச் சங்கக்கடையில் குடும்ப அட்டையைப் பார்த்து ஆளுக்கு இவ்வளவு என்று நிறுத்துக் கொடுப்பது என் வேலை. ஊரடங்குக்கு முதல் வரிசை முடிய வேண்டும், பின்னால் நிற்கிறவர்கள் தராசின் முள்ளையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். அவவின் அட்டையில் ஐந்து பேர். மூத்தவனை வான் வண்டியில் ஏற்றிக்கொண்டுபோய் இரண்டு கிழமை. முகாமில் கேட்டு, மனித உரிமைகள் ஆணைக்குழுவில் பதிந்து, எல்லாம் செய்தாயிற்று, ஊருக்கே தெரியும்.

"அம்மா, நாலு பேருக்குத்தான் தரலாம்."

"சரி தம்பி, நாலு பேருக்கே தாங்கோ. பேரை மட்டும் வெட்டாதையுங்கோ."

வெட்டினேன். சிவப்புப் பேனையால், அடிமட்டம் வைத்து, நேர்கோடாக.

ஆள் இல்லாத பேரை அட்டையில் விடக்கூடாது என்பதுதான் எங்களுக்குச் சொல்லியிருந்தது. விட்டால் நாளைக்கு என் இடத்தில் வேறொருவர் நின்று அந்தப் பங்கைத் தந்துவிடுவார், கணக்கு என் தலையில் விடியும். அதோடு, வீடு பதிய வருகிற ஆமிக்காரன் அந்தப் பேரைப் பார்த்து "இவன் எங்கே" என்று அவவைத்தானே கேட்பான் என்றும் நினைத்தேன். இல்லை, அப்போது நினைக்கவில்லை, அது பிறகு நானே கண்டுபிடித்த நியாயம். சிவப்புக் கோட்டைப் பார்த்தாலும் அதே கேள்வியைத்தானே கேட்பான்?

கோபமாக ஒரு வார்த்தை சொல்லியிருந்தாலாவது பரவாயில்லை. அட்டையை வாங்கி, சீலைத் தலைப்பால் ஒருக்கால் துடைத்துவிட்டு, சீனிப் பையை எடுத்துக்கொண்டு போனா.

அடுத்த முறை வந்தபோது கோட்டுக்கு மேலே, நெருக்கிய எழுத்தில், நீல மையால் அதே பேர் இருந்தது. அட்டையில் ஆட்கள் எழுதக்கூடாது. நான் ஒன்றும் கேட்கவில்லை. நாலு பேருக்கு நிறுத்தேன். அன்றைக்கு அதை இரக்கம் என்றுதான் எடுத்துக்கொண்டேன், இப்போது யோசித்தால் பயமாகவும் இருக்கலாம், அவவின் முகத்தைப் பார்க்கிற பயம். 2009இல் பாதை திறந்து சீனி மூட்டை மூட்டையாக வந்த பிறகு அவ எங்கள் கடைப்பக்கம் வரவில்லை. சந்தியில் கண்டால் "சுகமோ தம்பி" என்பா. நானும் சுகம் என்பேன்.

அடிமட்டத்தை ஏன் எடுத்தேன் என்பதுதான் இன்னும் பிடிபடவில்லை.