சைக்கிள் லாம்பும் குழாய்த் தண்ணீரும்

1990களின் முதல் பாதியில் எங்கள் வீட்டில் இரவுச் செய்தி கேட்பதென்றால் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்த வேண்டும். கரண்ட் கிடையாது. போர்க்காலம், பற்றரி யாழ்ப்பாணத்துக்குள் வர அரசாங்கத் தடை. கொக்குவிலில் சைக்கிள் திருத்தும் கடை வைத்திருந்த அப்பா, டைனமோவிலிருந்து இரண்டு வயரை இழுத்து நஷனல் றேடியோவின் பின்பக்கம் கொழுவுவார். பெடலைச் சுற்றுவது என் வேலை. கை சற்று ஓய்ந்தாலும் பிபிசி தமிழோசை இழுபட்டு அடங்கிவிடும். "ஒரே சீராச் சுத்து மோனை" என்பார். ஜாம் போத்தல் விளக்கு வெளிச்சத்தில் பக்கத்து வீட்டாரும் வந்து குந்தியிருப்பார்கள்.

அந்த றேடியோவைச் செய்த நிறுவனத்தின் கதையைப் பல வருடம் கழித்துத்தான் வாசித்தேன். அதைத் தொடங்கிய ஜப்பானியரான கோனோசுகே மட்சுஷிதா ஒன்பது வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு ஒசாகாவுக்கு வேலைக்குப் போனவர். கொஞ்சக் காலத்தில் ஒரு சைக்கிள் கடையில் எடுபிடியாகச் சேர்ந்தார். 1918இல் சொந்தத் தொழில் தொடங்கி, 1923இல் பற்றரியில் எரியும் சைக்கிள் லாம்பு ஒன்றைச் செய்தார். அப்போதிருந்த பற்றரி லாம்புகள் இரண்டு மூன்று மணித்தியாலத்தில் அணைந்துவிடும். இவருடையது முப்பது மணித்தியாலத்துக்கு மேல் எரிந்தது. மொத்த வியாபாரிகள் நம்பவில்லை. நேரே சைக்கிள் கடைகளுக்குப் போய், லாம்பை எரியவிட்டே வைத்துவிட்டு வந்தார். எவ்வளவு நேரம் எரிகிறதென்று நீங்களே பாருங்கள், பிடித்தால் காசு தாருங்கள் என்ற ஏற்பாடு. சைக்கிள் கடையில் வளர்ந்த எனக்கு அந்த இடம் நன்றாக விளங்கியது.

1932 மே 5ஆம் திகதி 168 ஊழியர்களைக் கூட்டிவைத்து அவர் சொன்னதைத்தான் 'குழாய்த் தண்ணீர்த் தத்துவம்' என்கிறார்கள். தெருவோரக் குழாயைத் திறந்து வழிப்போக்கன் ஒருவன் தண்ணீர் குடிக்கிறான். தண்ணீருக்கும் விலை உண்டு, ஆனாலும் ஒருவரும் அவனைத் திட்டுவதில்லை, அவ்வளவு தாராளமாக வருகிறது. வாழ்க்கைக்கு வேண்டிய சாமான்களையும் அதேபோல ஏழைக்கும் எட்டும் விலையில் பெருக்கித் தருவதுதான் உற்பத்தியாளரின் கடமை என்றார். அதற்கு 250 வருடத் திட்டமும் போட்டார். இலாபம் என்பது சமூகத்துக்குச் செய்த சேவைக்குச் சமூகம் தரும் கூலி என்பது அவர் கணக்கு.

எங்கள் ஊரில் முதலாளி நல்லவர் என்றால் கோயிலுக்கு என்ன செய்தார், பள்ளிக்கூடத்துக்கு எவ்வளவு கொடுத்தார் என்றுதான் கேட்போம். கொடுப்பது நல்ல காரியம், மறுக்கவில்லை. ஆனால் கடைக்குள் விற்கிற சாமானிலும் அதன் விலையிலும் சேவை இருக்க வேண்டும் என்பதை அவரிடம்தான் தெளிவாகப் படித்தேன். படித்த பிறகுதான் அப்பாவும் விளங்கினார். தடைக்காலத்தில் வால் ரியூப் துண்டுக்கு, அதாவது சைக்கிள் ரியூபின் காற்று வால்வில் மாட்டும் சின்ன றப்பர்க் குழாய்க்கு, தட்டுப்பாடு. கேட்ட விலை கொடுக்க ஆட்கள் நின்றார்கள். அப்பா வாங்கின விலையோடு வழமையான இலாபத்தை மட்டும் வைத்து, ஆளுக்கொரு துண்டாக வெட்டிக் கொடுத்தார். ஒருவருக்கும் இரண்டு கிடையாது.

தண்ணீர் உவமையில் மட்டும் எனக்கு ஒரு தடக்கல் உண்டு. யாழ்ப்பாணத்தில் வருடம் முழுக்க ஓடும் ஆறு இல்லை. கிணற்றை நம்பி வாழ்கிறோம், கரையோரத்தில் அளவுக்கு மிஞ்சி இறைத்தால் உப்பாகிவிடும். சாமானும் அப்படித்தான், பெருக்கினால் போதாது, திருத்திப் பாவிக்கவும் வேண்டும். இன்று என் கடைக்கு வரும் மலிவு ஃபான் சிலதைக் கழற்றவே முடியாது.

2022இல் இலங்கை பொருளாதார நெருக்கடியில் விழுந்தபோது இதெல்லாம் என் தலைக்கு மேல் வந்து நின்றது. யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் எனக்கு மின்சாதனக் கடை, வேலைக்கு மூன்று பெடியள். டொலர் இல்லை, இறக்குமதி இல்லை, மார்ச் கடைசியில் நாளுக்குப் பதின்மூன்று மணித்தியாலம் வரை கரண்ட் வெட்டு. இரண்டு பேரை நிற்பாட்டச் சொன்னார் கணக்குப் பார்க்கும் நண்பர்.

1929 டிசெம்பரில் மட்சுஷிதாவுக்கும் அதே ஆலோசனைதான் வந்தது, பாதி ஆட்களைக் குறைக்கச் சொல்லி. அவர் நோயில் படுத்திருந்தார். உற்பத்தியைப் பாதியாக்கு, அரைநாள் வேலை, முழுச் சம்பளம், ஒருவரையும் நீக்காதே, எல்லோரும் லீவின்றித் தேங்கிய சாமானை விற்கட்டும் என்று சொல்லி அனுப்பினார். இரண்டு மாதத்துக்குள் களஞ்சியம் காலி.

அவருக்குச் சாமான் இருந்தது, வாங்க ஆளில்லை. எனக்கு ஆள் இருந்தது, விற்கச் சாமானில்லை. அப்படியே பின்பற்ற வழியில்லை. ஆனால் பெற்றோல் இல்லாமல் ஊரே பழைய சைக்கிள்களைக் கொட்டிலிலிருந்து வெளியே இழுத்துக்கொண்டிருந்தது. அப்பாவின் ஸ்பனர் பெட்டியை இறக்கினேன். காலையில் மோட்டர், ஃபான் திருத்தம், பின்னேரம் சைக்கிள். திருத்துகூலியை ஏற்றவில்லை. நாலு மாதம் என் கையிலிருந்து போட்டுத்தான் முழுச் சம்பளம் கொடுத்தேன். ஐந்தாம் மாதம் கடையே கொடுத்தது.

அந்த மூவரில் ஒருவர் இப்போது கோண்டாவிலில் சொந்தமாகச் சைக்கிள் கடை போட்டிருக்கிறார். ஸ்பனர் பெட்டி அவரிடம்தான் இருக்கிறது.