மாம்பூவும் பதினேழு லட்சம் கையெழுத்தும்

ஜனவரி 17

காலையில் தோப்புக்குப் போனேன். பெங்களூரா மாமரத்தடியில் தேனீக்கள் செத்துக் கொட்டிக் கிடந்தன. முப்பது வரை எண்ணினேன், அதற்குமேல் மனம் வரவில்லை. ஒன்று மட்டும் மல்லாந்து கிடந்து காலை உதறியபடி வட்டமாகச் சுற்றிக்கொண்டிருந்தது. விரலில் ஏந்திப் பார்த்தேன். பின்னங்காலில் கடுகைவிடச் சின்னதாக மகரந்த உருண்டை. கூட்டுக்குக் கொண்டுபோகச் சேர்த்த தீனி.

நேற்று பத்து மணி வெயிலில் பக்கத்துத் தோப்பில் தத்துப்பூச்சிக்கு மருந்து அடித்தார்கள். பூ முழுக்க விரிந்து, ஈயும் தேனீயும் மொய்க்கிற நேரம். குத்தகைக்கு எடுத்தவர் போட்ட பணத்தை எடுக்க வேண்டும், அது எனக்கும் தெரியும். தத்துப்பூச்சி விழுந்தால் பூங்கொத்து கருகிப் போகும். ஆனால் மகரந்தம் சேர்க்கிற பூச்சியெல்லாம் செத்தால் பிஞ்சு எப்படிப் பிடிக்கும்?

ஜனவரி 19

ஜெர்மனியில், பவேரியா மாநிலத்து மியூனிக்கில் இருக்கும் அண்ணன் மகன் பேசினான். தேனீ விஷயத்தைச் சொன்னதும், "அத்தை, இதுக்காகவே இங்க ஒரு சின்னக் கட்சி ஊரையே கூட்டுச்சு" என்றான். ஒரு மணி நேரம் பேசியிருப்போம்.

அந்தக் கட்சிக்குப் பேர் சூழலியல் ஜனநாயகக் கட்சி. பவேரியா மாநிலச் சட்டமன்றத்தில் இதுவரை ஒரு இடம்கூடப் பிடித்ததில்லை. ஐரோப்பிய நாடாளுமன்றத்தில் மட்டும் 2014 முதல் ஒரே ஒரு இடம். கம்பெனிகளிடம் நன்கொடை வாங்குவதில்லை என்பது அவர்கள் கொள்கை. அப்படிப்பட்ட கட்சி, தேனீக்களைக் காப்பாற்றச் சட்டம் வேண்டும் என்று மக்களிடம் கையெழுத்துக் கேட்டது. பறவைப் பாதுகாப்புச் சங்கமும் பசுமைக் கட்சியும் கூடச் சேர்ந்துகொண்டன. அந்த ஊர்ச் சட்டப்படி வாக்காளர்களில் பத்தில் ஒருவர், இரண்டே வாரத்துக்குள், நகராட்சி அலுவலகத்துக்கு நேரில் போய்ப் போட வேண்டும். 2019 ஜனவரி 31-லிருந்து பிப்ரவரி 13 வரை. கடுங்குளிர் காலம். ஏறக்குறைய பத்து லட்சம் கையெழுத்து தேவைப்பட்டது. வந்தது 17 லட்சத்துக்கும் மேல்!

முதலமைச்சர் வேறு கட்சிக்காரர். மக்கள் வாக்கெடுப்புக்கே போகாமல் கோரிக்கையை ஏற்றுக்கொண்டார், அதே ஆண்டு ஜூலையில் சட்டமன்றத்தில் நிறைவேறியது. ஓடையோரம் 5 மீட்டர் உழக்கூடாது, 2030-க்குள் சாகுபடி நிலத்தில் 30 சதவீதம் இயற்கை வேளாண்மைக்கு மாற வேண்டும் என்றெல்லாம் அதில் இருக்கிறதாம்.

ஜனவரி 20

ராத்திரி தூக்கம் வரவில்லை. எதிர்த்தவர்கள் யார் என்று அவனிடம் கேட்டிருந்தேன். "விவசாயிங்கதான் அத்தை" என்றான். எல்லாப் பழியும் நம் தலையிலா என்று அவர்கள் சங்கமே கோபப்பட்டதாம். எனக்கு அவர்கள் பக்கம்தான் முதலில் மனம் போனது. மாங்கூழ் தொழிற்சாலை விலையைக் குறைத்துக் கேட்கும்போது நமக்காகப் பேச ஆள் இல்லை. பூச்சி செத்தால் மட்டும் நம்மைக் கைநீட்டுவார்கள். பிறகு அரசு எல்லாத் தரப்பையும் ஒரே மேசையில் உட்காரவைத்து, விவசாயிகளுக்கு ஈடுகட்டும் வழிகளையும் சேர்த்துத்தான் முடித்ததாம். அதைக் கேட்ட பிறகுதான் அந்தச் சட்டத்தின்மேல் எனக்கு மரியாதை வந்தது.

ஜனவரி 22

அந்தக் கட்சியைத் தொடங்கிய ஹெர்பர்ட் க்ரூல் இடதுசாரி இல்லை. பழமைவாதக் கட்சியின் நாடாளுமன்ற உறுப்பினர். பூமியைச் சுரண்டுகிறோம் என்று தன் கட்சிக்காரர்களிடமே சொல்லிப் பார்த்து, 1978-ல் வெளியே வந்தார். பசுமைக் கட்சி உருவானபோது அதில் இருந்தார், அங்கேயும் ஒத்துப்போகவில்லை. 1982-ல் இந்தக் கட்சி பிறந்தது. 1989-ல் தீவிர வலதுசாரிகளோடு சேரமாட்டோம் என்று கட்சி தீர்மானம் போட்டது, பிறகு அவரே விலகிவிட்டார். தொடங்கியவரைவிடக் கொள்கை பெரிது என்று நின்றார்களே, அது எனக்குப் பிடித்திருக்கிறது.

பழமைவாதம் என்றால் சாதி, சடங்கைக் கட்டிக்கொண்டு அழுவது என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தேன். என் மாமியார் ஏரிக்கரைப் புங்கமரத்தில் கொம்புகூட ஒடிக்க விடமாட்டார். விதை ராகியைச் சாம்பல் கலந்து பானையில் வைப்பார், பசித்தாலும் அதைத் தொடமாட்டார். அதுவும் பழமைதானே? இங்கே எந்த மேடையிலும் அந்தப் பழமையைப் பேசக் கேட்டதில்லை.

ஜனவரி 24

நம் ஊரில் மக்கள் கையெழுத்துப் போட்டுச் சட்டம் கொண்டுவர வழியில்லை. இருப்பது கிராம சபைதான். நாற்பது பக்க நோட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு நேற்றும் இன்றும் வீடு வீடாகப் போனேன். கேட்டது இரண்டே: மாம்பூ விரிந்திருக்கும்போது பகலில் மருந்து அடிப்பதில்லை, அடித்தே தீர வேண்டுமென்றால் பொழுது சாய்ந்து தேனீ அடங்கிய பிறகு. ஏரிக்கரை மரங்களை வெட்டுவதில்லை. 63 பேர் போட்டார்கள், 11 பேர் கைநாட்டு. நூறு நாள் வேலைப் பெண்கள்தான் முதலில் வாங்கிப் போட்டவர்கள்.

குத்தகைக்காரர் மறுத்துவிட்டார். "நான் உங்க ஊரு ஆளே இல்லையே அக்கா" என்றார். மரியாதையாகத்தான் சொன்னார்.

ஜனவரி 26

கிராம சபையில் பேச எழுந்ததும் கால் நடுங்கியது. காகிதத்தில் மடித்து வைத்திருந்த தேனீயை மேசைமேல் வைத்தேன். ஒரு பெரியவர், "பூச்சிக்கெல்லாமா தீர்மானம்?" என்றார். அவர் மருமகளே எழுந்து, "போன வருசம் நம்ம தோப்புல பூ அவ்வளவு இருந்தும் காய் எவ்ளோ நின்னுச்சு மாமா?" என்று கேட்டாள். அதற்குப் பிறகு யாரும் எதிர்க்கவில்லை. இரண்டையும் தீர்மானப் புத்தகத்தில் எழுதினார்கள். எழுதும் வரை பக்கத்திலேயே நின்றேன்.

பிப்ரவரி 4

மூன்று மணிக்குப் பக்கத்துத் தோப்பில் டிராக்டர் சத்தம். மருந்து டிரம்மும் மோட்டாரும் ஏற்றி வந்திருந்தார்கள். வேலிப் பக்கம் ஓடினேன். என்ன பேசுவது என்று தெரியாமல் நின்றேன். குத்தகைக்காரர் பூங்கொத்தை அண்ணாந்து பார்த்தார்.

"இன்னும் பறக்குதாக்கா?"

"சுத்துதுங்க தம்பி. வெயில் இறங்கட்டும்."

மோட்டாரை இறக்கச் சொன்னார், ஓட்டச் சொல்லவில்லை. ஆட்கள் வரப்பில் துண்டை விரித்து உட்கார்ந்தார்கள். வீட்டுக்குப் போய் ஒரு சொம்பு மோர் கொண்டுவந்து கொடுத்தேன்.