கொடியை எங்கே புதைக்கப் போகிறாய்?

மகள் பிறந்த ஒன்பதாம் நாள் தொப்புள்கொடி காய்ந்து விழுந்தது. அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டுப் பாட்டி நீலச் சோளக் கூழ் கொண்டுவந்தார். தொட்டிலை எட்டிப் பார்த்தபடியே கேட்டார்: "கொடியை எங்கே புதைக்கப் போகிறாய்?"

எனக்குச் சுருக்கென்றது. காலையில்தான் அம்மா போனில், "பத்திரமா எடுத்து வைடி. ஊருக்கு வரும்போது வெள்ளித் தாயத்துல அடைச்சு அரைஞாண்ல கட்டலாம்" என்று சொல்லியிருந்தாள். விசா கிடைக்காமல் பிரசவத்துக்கு வர முடியாமல் போன அம்மா. அவள் கேட்க வேண்டியதை அமெரிக்காவில், நியூ மெக்சிகோவின் காலப் நகரத்தில், நவஹோ பழங்குடியைச் சேர்ந்த ஒரு பாட்டி கேட்கிறார்.

தங்கள் மொழியில் அவர்கள் 'தினே'. மக்கள் என்று பொருள். தாய்வழிப் பாட்டிக்கு 'ஷிமாசானி' என்று சொல்கிறார்கள். பெரியகுளத்தில் நாங்கள் சொல்லும் அம்மாச்சி. முதல் நாள் பார்த்தபோது நான் என்ன வேலை செய்கிறேன் என்று பாட்டி கேட்கவில்லை. தன் அம்மாவின் குலத்தைச் சொன்னார். பிறகு அப்பாவின் குலம், அம்மாவைப் பெற்ற தாத்தாவின் குலம், அப்பாவைப் பெற்ற தாத்தாவின் குலம். சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்தார். "நீ யாரு மக?" என்று எங்கள் தெருத் திண்ணையில் கேட்பார்களே, அதே பார்வை. அமெரிக்கா வந்து மூன்று வருஷத்தில் என் தாத்தாக்களின் பெயரை ஒருவர் கேட்டது அன்றைக்குத்தான்.

கொடிக்கு வருகிறேன். ஆட்டுப்பட்டி ஓரமாகப் புதைத்தால் பிள்ளை ஆடுகளோடு ஒன்றிப்போகும். தறிக்குப் பக்கத்தில் புதைத்தால் நெசவு கைகூடும் என்றார் பாட்டி. அவருடைய கொடி பட்டியோரம்தான் கிடக்கிறதாம். எங்கே போனாலும் அந்த மண் இழுத்துக்கொண்டு வந்துவிடுமாம். நான் அதைக் குங்குமச் சிமிழில் போட்டு அலமாரியில் வைத்திருந்தேன். அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பிள்ளை முதல்முதலாக வாய்விட்டுச் சிரித்தால் அது அவர்களுக்குத் திருவிழா. சிரிக்க வைத்தவர்தான் விருந்து போட வேண்டும். மூன்றாம் மாதம் என் கணவர் அடுக்கடுக்காகத் தும்ம, மகள் கலகலவென்று சிரித்துவிட்டாள். பாட்டி அவரை விடவில்லை. ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் எலுமிச்சைச் சாதம், பாட்டி வீட்டிலிருந்து ஆட்டுக்கறிக் குழம்பு. மகளின் உள்ளங்கையில் கல்லுப்பை வைத்து, வந்தவர்களுக்கெல்லாம் கொடுக்க வைத்தார்கள். அப்போதுதான் பிள்ளை கொடுக்கும் மனசோடு வளருமாம். உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்று சொல்லி வளர்க்கப்பட்டவளுக்கு அந்தப் பிஞ்சுக் கையில் உப்பைப் பார்த்ததும் கண் நிறைந்துவிட்டது.

அன்றைக்கு எண்ணெயில் பொரித்த ரொட்டியும் இருந்தது. "எங்க ஊர் பூரி!" என்று குதித்தேன். பாட்டியும் சிரித்தார். பிறகு, இது சிறையில் பிறந்த பலகாரம் என்றார்.

1863இல் கிட் கார்சன் தலைமையில் அமெரிக்கப் படை வந்து தினேக்களின் சோளக்காட்டை எரித்தது, ஆடுகளைக் கொன்றது. அடுத்த வருஷம் கேன்யன் டி ஷே பள்ளத்தாக்கின் பீச் பழ மரங்களையும் வெட்டிச் சாய்த்தார்கள். பட்டினியால் சரணடைந்தவர்களை முந்நூறு மைலுக்கு மேல் நடத்தியே கொண்டுபோய் பெக்கோஸ் ஆற்றங்கரையில் போஸ்கே ரெடோன்டோ முகாமில் அடைத்தார்கள். நடக்க முடியாதவர்களைச் சுட்டதை இன்றும் குடும்பம் குடும்பமாகச் சொல்கிறார்கள். ஆற்றுத் தண்ணீர் உவர். போட்ட சோளத்தைப் புழு தின்றது. படை அளந்து கொடுத்த மாவையும் கொழுப்பையும் வைத்துச் சுட்டதுதான் இந்த ரொட்டி. நான்கு வருஷத்தில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் செத்தார்கள்.

1868இல் அமெரிக்க அரசின் சார்பில் ஜெனரல் ஷெர்மன் பேச்சுவார்த்தைக்கு வந்தார். இப்போதைய ஓக்லஹோமா பக்கம் போய்க் குடியேறுங்கள் என்றார். தினே தரப்பில் பேசிய பார்போன்சிட்டோ மறுத்துவிட்டார். நான்கு மலைக்குள், நான்கு ஆற்றுக்குள் வாழத்தான் எங்களைப் படைத்தார்கள், எங்கள் மண்ணைத் தவிர வேறெங்கும் அனுப்பாதீர்கள் என்றார். ஜூன் 1 அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது. சொந்த மண்ணின் ஒரு பகுதியாவது மீண்டது. துரத்தப்பட்ட பழங்குடிகளில் இப்படித் திரும்பி வர முடிந்தவர்கள் மிகச் சிலரே.

அந்த நான்கு மலைகளில் தெற்கு மலை, மவுன்ட் டெய்லர். திரும்பி வந்தவர்களில் ஒருவரான தலைவர் மானுவேலிட்டோ பிற்பாடு சொன்னது பதிவாகியிருக்கிறது: ஆல்புகெர்க்கியிலிருந்து மலையுச்சி தெரிந்ததும் அது எங்கள் மலைதானா என்று திகைத்தோம், மண்ணோடு பேச வேண்டும்போல இருந்தது, அத்தனை ஆசை அதன்மேல்; வீடு வந்து சேர்ந்ததும் கிழவர்கள், கிழவிகள் சிலர் சந்தோஷத்தில் அழுதார்கள்.

எனக்கு இந்த ஊர் பழகிவிட்டது. பனியில் கார் ஓட்டுகிறேன். கூழில் ஜூனிப்பர் மரத்தின் சாம்பல் சேர்க்கும் அளவு தெரியும். தினே கதைகளைக் குளிர்காலத்தில்தான் சொல்ல வேண்டும் என்பதால், கோடையில் பாட்டியிடம் கதை கேட்பதில்லை. கறிவேப்பிலைக்கும் புளிக்கும் மாதம் ஒருமுறை ஆல்புகெர்க்கி போய் வருகிறோம், இரண்டு மணி நேரம். திரும்பும் வழியில் வலப்பக்கம் மவுன்ட் டெய்லர் எழும்பும்.

மதுரையிலிருந்து பெரியகுளம் பஸ்ஸில் அப்பா எனக்கு எப்போதும் வலது ஜன்னலோரம் இடம் பிடித்துத் தருவார். வத்தலக்குண்டு தாண்டியதும் கொடைக்கானல் மலை கூடவே வரும். தேவதானப்பட்டியில் அப்பா தட்டி எழுப்புவார்: "மல வந்துருச்சு பாரு, வீடு வந்துருச்சு."

போன மாதம் காரில் மகள் நல்ல தூக்கம். இரண்டு வயது ஆகிறது. சிமிழ் இன்னும் அலமாரியில்தான் இருக்கிறது. பாட்டி அதன்பிறகு கேட்கவே இல்லை. மலை தெரிந்ததும் பின்னால் திரும்பி, அவள் காலைத் தட்டி எழுப்பினேன்.