சேலத்து முதலாளியின் படங்கள்

ஜூன் 4
இந்த மாதம் முழுக்க மாடர்ன் தியேட்டர்ஸ் என்ற சினிமா கம்பெனியின் படங்கள்தான் பார்க்கிறேன். அதன் முதலாளி, திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரம், இங்கிலாந்தின் லீட்ஸில் ஜவுளித் தொழில் படித்தவர். சினிமாவில் இறங்கியதும் எல்லாரையும் போல சென்னைக்கு மூட்டை கட்டவில்லை. சேலத்தில், ஏற்காடு போகிற சாலையிலேயே ஸ்டுடியோவை எழுப்பிவிட்டார். 1937இல் முதல் படம், 'சதி அகல்யா'. புராணத்தில் தொடங்கியவர் அடுத்த ஆண்டே 'பாலன்' எடுக்கிறார்: சிற்றன்னை கொடுமை, அழுகை, மலையாளத்தின் முதல் பேசும் படம். சேலத்திலிருந்து!

ஜூன் 7
'பர்மா ராணி'. போர்க்காலப் பிரச்சாரப் படம். ஜப்பானியத் தளபதியாக முதலாளியே வருகிறார். நடிப்பு சுமார்தான், ஆனால் மிரட்டுவதற்குச் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை போல. ஸ்டுடியோவில் அவருடைய கண்டிப்பைப் பற்றிக் கதை கதையாகச் சொல்வார்கள்.

ஜூன் 11
1950ஐ மட்டும் எடுத்துக்கொண்டாலே போதும். பாரதிதாசனின் 'எதிர்பாராத முத்தம்' 'பொன்முடி' ஆகிறது. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் துப்பறியும் நாவல் 'திகம்பர சாமியார்' ஆகிறது. நம்பியார் வேடத்துக்கு மேல் வேடம் போட்டுக்கொண்டே இருக்கிறார். குண்டலகேசிக் கதை, கருணாநிதி வசனத்தில் 'மந்திரிகுமாரி'. மூன்றும் ஒரே கம்பெனி, ஒரே வருஷம்.

'மந்திரிகுமாரி'யின் மலை உச்சிக் காட்சியை இரண்டு முறை ஓட்டிப் பார்த்தேன். 'வாராய் நீ வாராய்' என்று கொஞ்சிக்கொண்டே கணவன் மனைவியைக் கொல்லக் கூட்டிப்போகிறான். உண்மை தெரிந்ததும் அவள் கதறவில்லை. சாவதற்கு முன் உங்களைச் சுற்றி வந்து கும்பிட வேண்டும் என்கிறாள். சுற்றி வருகிறாள். பின்பக்கம் வந்ததும் ஒரே தள்ளு. பாட்டின் இனிமைதான் அந்தக் காட்சிக்குப் பயத்தைக் கொடுக்கிறது. படத்தின் இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் பாதியில் கிளம்பிவிட, மீதியை முடித்தவர் சுந்தரம்.

ஜூன் 15
இவருக்கென்று ஒரு பாணி கிடையாது என்பார்கள். சரி, கிடையாதுதான். ஆனால் தளம், லேப், கதை இலாகா எல்லாம் ஒரே வளாகத்தில். ஆட்களுக்கு மாதச் சம்பளம். சும்மா கிடக்கும் தளம் நஷ்டம். ஜனங்களுக்கு ராஜா கதை சலித்தால் துப்பறியும் கதை, அதுவும் சலித்தால் வேறொன்று. ரசனையைவிடக் கணக்குப் புத்திதான் இவரை இத்தனை வகைக்கு இழுத்திருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. அதில் குறைவாக நினைக்க ஒன்றுமில்லை.

1952இல் அமெரிக்கக் கம்பெனியோடு கூட்டுச் சேர்ந்து 'தி ஜங்கிள்' வேறு. காட்டில், எப்போதோ அழிந்துபோன மம்மத யானைகள்!

ஜூன் 20
'அலிபாபாவும் 40 திருடர்களும்', 1956. கேவா கலர் என்ற வண்ண பிலிமில் எடுத்தது, தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம். எம்.ஜி.ஆர்., பானுமதி. கதை தெரிந்ததுதான், காசு கொடுத்தவனுக்கு வண்ணம் குறையக் கூடாது என்ற பிடிவாதம் உடைகளில் தெரிகிறது. 1961இல் மலையாளத்துக்கும் முதல் வண்ணப்படம் இவருடையதே: 'கண்டம் பெச்ச கோட்டு'. முதல் பேச்சும் முதல் வண்ணமும் சேலத்து உபயம் என்று கேரள நண்பரிடம் சொன்னால் முறைக்கிறார்.

ஜூன் 26
சுந்தரம் 1963இல் காலமானார். அப்புறம் மகன் ராமசுந்தரம் காலத்தில் 'வல்லவன் ஒருவன்', 'சி.ஐ.டி. சங்கர்' என்று ஜெய்சங்கரும் துப்பாக்கியுமாக ஓடியது. அவற்றில் ஒன்றைப் பாதி பார்த்தேன். அப்பாவின் படங்களைவிட வேகம் அதிகம். மீதியை நாளைக்குப் பார்க்க வேண்டும். கொலைகாரன் யாரென்று இன்னும் பிடிபடவில்லை.