இடம் மாறிய சிரிப்பு

2025 மே 4, ஞாயிறு

இன்று அக்னி நட்சத்திரம் தொடக்கம். வேலூர் சத்துவாச்சாரி வீடியோ கடையில் ஃபேன் அனலைத்தான் வாரி இறைக்கிறது. குடியாத்தம் கல்யாண வீடியோவைப் பார்க்கப் பெண் வீட்டார் வந்திருந்தார்கள். மாப்பிள்ளை கையிலிருந்து மாலை நழுவும் இடத்தில் பெண்ணின் பெரியம்மா வாய்விட்டுச் சிரிக்கும் ஷாட்டை ஒட்டியிருந்தேன். அவர் கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"இன்னாப்பா இது? பந்தியில எம் பேரன் அப்பளத்த தலையில வெச்சிக்கினான், அதுக்கில்ல நான் சிரிச்சேன்?"

மற்றவர்கள் நல்லாத்தான் இருக்கு என்றார்கள். எனக்கு மனசு ஆறவில்லை.

மே 6, செவ்வாய்

ராத்திரி 'எல்ஓஎல்: எங்க சிரி பார்ப்போம்' மறுபடி போட்டேன். 2021 ஆகஸ்டில் வந்தது. ஜப்பானின் ஹிதோஷி மட்சுமோட்டோ தொடங்கிய 'டாக்குமென்டல்' நிகழ்ச்சியின் தமிழ் வடிவம். காமெடி செய்பவர்கள் பத்து பேர், ஒரே வீடு, ஆறு மணி நேரம். சிரித்தால் அவுட். நடத்துபவர்கள் நடிகர்கள் விவேக்கும் மிர்ச்சி சிவாவும். விவேக் அந்த ஏப்ரலிலேயே போய்விட்டார். அவர் முகம் வரும்போதெல்லாம் தொண்டையை அடைக்கிறது.

வேஷம், சாமான், முன்னாடியே யோசித்து வந்த கவுண்டர் எல்லாம் இதில் உண்டு. இருக்கட்டும், அது உழைப்பு. நான் பார்ப்பது எதிரில் நிற்பவரை. உதட்டை உள்ளே மடித்துக் கடிப்பார், மூக்கு விடைக்கும், தோள் ஒரு தரம் குலுங்கி அடங்கும். இரண்டு பேரும் ஒரே ஃபிரேமில் இருந்தால் அப்படியே நம்பிவிடுவேன். கட் பண்ணிச் சிரிப்பு தனி குளோசப்பில் வந்தால்தான் கை ரிமோட்டுக்குப் போகிறது. எந்த நிமிஷத்துச் சிரிப்பு இது? பெரியம்மா கேட்ட அதே கேள்வி.

மே 9, வெள்ளி

ஆரணிப் பக்கம் பாரதக் கூத்து. திரைக்குப் பின்னால் துரியோதனன் ஆட, கூத்தின் கோமாளியான கட்டியக்காரன் "யாரு சாமி நீங்க?" என்றான். என் தாத்தா காலத்துக் கேள்வி, இன்னும் அலுக்கவில்லை. அந்த நேரம் பார்த்து ஒரு பொடியன் சேமியா ஐஸோடு குறுக்கே ஓடினான். "மகாராசாவுக்குக் கப்பம் வந்துடுச்சி டோய்!" என்றான் கட்டியக்காரன். ஆர்மோனியக்காரர் சிரித்த சிரிப்பில் துருத்தியை விட்டுவிட்டார். சுருதி நின்று கூட்டத்தின் சத்தம் மட்டும் கேட்டது. பாடமும் பாடத்தில் இல்லாததும் ஒரே மூச்சில் வந்தன.

மே 10, சனி

சிரிப்பைப் பந்திக்கே கொண்டுபோய் வைத்தேன். பாட்டியும் பேரனும் ஒரே ஷாட். கேமரா கொஞ்சம் ஆடுகிறது, விட்டுவிட்டேன். மாலை நழுவும் இடத்தில் இப்போது நாதஸ்வரம் மட்டும்தான். வாட்ஸ்அப்பில் அனுப்பியதும் பெரியம்மா குரல் பதிவு போட்டார்: "அப்பளம் ஒடையறது வரிக்கும் வெச்சிகிறியா?"

வைத்திருக்கிறேன்.