கல்காகஸ் பேசாத பேச்சு: ரோமானிய வரலாற்றை இரண்டாம் முறை படித்த அனுபவம்

முதல் முறை எனக்குக் கிடைத்தது 38 மதிப்பெண். தேர்ச்சிக்கு 50 வேண்டும். பகலில் கூட்டுறவுக் கடன் சங்கம் ஒன்றில் எழுத்தர் வேலை, இரவில் தொலைநிலைக் கல்வியில் முதுகலை வரலாறு என்று ஓடிக்கொண்டிருந்த காலம் அது. மற்ற தாள்கள் எப்படியோ கரையேறிவிட்டன. பண்டைய உலக வரலாறு மட்டும் அரியராக நின்றது. அதில் பாதிக்கு மேல் ரோம்.

படிக்காமல் தோற்றிருந்தால் மனம் ஆறியிருக்கும். நான் படித்திருந்தேன். ரோமின் பகைநகரமான கார்த்தேஜின் தளபதி ஹன்னிபால் ஆல்ப்ஸைக் கடந்தது கி.மு. 218, கன்னே போர் 216, ஸாமா போர் 202, கார்த்தேஜ் அழிந்தது 146 என்று பஸ்ஸில் நின்றுகொண்டே வாய்ப்பாடு போல ஒப்பித்தவன். அதனால் கோபத்தோடு பணம் கட்டி விடைத்தாள் நகலை வாங்கினேன். இந்தத் தாளுக்காக நான் செலவழித்ததில் மிகப் பயனுள்ள பணம் அதுதான். தோற்றவர்கள் முதலில் செய்யவேண்டியது இதைத்தான் என்பேன். புதிய கைடு வாங்குவதெல்லாம் பிறகு.

ரோமானிய ஆதிக்கத்தை எதிர்த்த மக்களைப் பற்றி ஆராயச் சொல்லி 15 மதிப்பெண் வினா ஒன்று வந்திருந்தது. ஐந்து பக்கம் எழுதியிருந்தேன். கிடைத்தது நான்கு. தொடக்கத்திலேயே, ஸ்காட்லாந்துத் தலைவன் கல்காகஸின் புகழ்பெற்ற வாக்கியத்தைக் கட்டம் கட்டி எழுதியிருந்தேன்: பாழ்நிலமாக்கிவிட்டு அதற்கு அமைதி என்று பெயர் வைக்கிறார்கள். திருத்தியவர் அந்தக் கட்டத்தின் ஓரத்தில் சிவப்பு மையில் ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தார். "இதை எழுதியவர் யார்?"

அன்று இரவு உட்கார்ந்து தேடினேன். கி.பி. 83 அல்லது 84இல் வடக்கு பிரிட்டனில் நடந்த போருக்கு முன்பு கல்காகஸ் தன் வீரர்களிடம் பேசியதாகச் சொல்லப்படும் சொற்கள் அவை. எழுதியவர் டாசிட்டஸ் என்ற ரோமானிய செனட் உறுப்பினர், ஏறத்தாழ 15 ஆண்டுகள் கழித்து. எதிரே நின்ற ரோமானியப் படையின் தளபதி அக்ரிகோலா, டாசிட்டஸின் சொந்த மாமனார். கல்காகஸ் என்ற பெயர் வேறு எந்தப் பழைய நூலிலும் கிடையாது. மலைநாட்டுத் தலைவன் ஒருவன் தன் மொழியில் பேசியதை லத்தீனில் குறிப்பெடுத்தவர் எவரும் அங்கே இருந்திருக்க முடியாது. அக்கால வரலாற்றாசிரியர்கள், அந்த இடத்தில் பேசியிருக்கக்கூடிய பேச்சைத் தாங்களே இயற்றி எழுதுவார்கள். படித்தவர்களுக்கு அது தெரிந்தே இருந்தது. ஆக, ரோமுக்கு எதிரான மிகக் கூர்மையான குற்றச்சாட்டை எழுதியவர் ஒரு ரோமானியர். என் ஐந்து பக்கங்களைவிட இந்த ஒரு செய்திக்கு மதிப்பெண் அதிகம் என்பது அப்போதுதான் உறைத்தது.

அதிலிருந்து படிக்கும் முறையை மாற்றினேன். நோட்டில் இடப்பக்கம் நடந்தது என்ன. வலப்பக்கம் அதைச் சொன்னவர் யார், எத்தனை ஆண்டு கழித்துச் சொன்னார், அவர் எந்தப் பக்கம். வலப்பக்கம் காலியாக இருந்தால் அந்தக் கலகத்தை நான் இன்னும் படிக்கவில்லை என்று பொருள். ஒரு இடத்தில் இந்த முறை எப்படி வேலை செய்தது என்று காட்டுகிறேன்.

கி.பி. 60 அல்லது 61. கிழக்கு பிரிட்டனில் ஐசினி இனத்தின் அரசன் பிரசுதகஸ் இறக்கிறான். தன் சொத்தில் பேரரசர் நீரோவுக்கும் பங்கு எழுதி வைத்தால் மகள்களுக்கான மீதி பத்திரமாக இருக்கும் என்பது அவன் கணக்கு. நடந்தது வேறு. ரோமானிய அதிகாரிகள் நாட்டையே சூறையாடினார்கள். அரசி பௌடிக்காவைச் சவுக்கால் அடித்தார்கள், மகள்களைச் சீரழித்தார்கள். பக்கத்திலிருந்த டிரினோவாண்டஸ் மக்களுக்கு வேறொரு புண்: ஓய்வுபெற்ற படைவீரர்கள் அவர்கள் நிலத்தைப் பறித்துக் குடியேறியிருந்தார்கள். இது டாசிட்டஸ் சொல்வது. அவருடைய மாமனார் இளம் அதிகாரியாக அப்போது பிரிட்டனில் இருந்தவர். எனவே வீட்டிலேயே கேட்டறிய வழி இருந்தது.

ஒன்றரை நூற்றாண்டு கழித்து கிரேக்க மொழியில் எழுதிய வரலாற்றாசிரியர் டியோ காசியஸ் வேறு காரணம் சொல்கிறார். பிரிட்டன் மக்கள் மீது நான்கு கோடி செஸ்டர்ஷியஸ் (ரோமானியக் காசு) கடன் இருந்தது. அதைக் கொடுத்தவர் நீரோவின் ஆசான், தத்துவஞானி செனெகா. திடீரென்று மொத்தமாகத் திருப்பிக் கேட்டார். அதுதான் தீயை மூட்டியது. தவணை நினைவூட்டல் கடிதங்களை நாளெல்லாம் உறையிலிட்டு ஒட்டுகிறவன் நான். மிச்சத் தொகை முழுவதையும் ஒரே நாளில் கட்டு என்று ஒரு வீட்டுக்கு எழுதினால் அந்த வீட்டில் என்ன நடக்கும் என்று எனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. அதன்பின் அந்த எண் மறக்கவே இல்லை.

மூன்று நகரங்கள் எரிந்தன: இன்றைய கோல்செஸ்டர், லண்டன், செயின்ட் ஆல்பன்ஸ். இறந்தவர்கள் டாசிட்டஸ் கணக்கில் 70,000, டியோ கணக்கில் 80,000. இறுதியில் பௌடிக்கா நஞ்சுண்டு இறந்தாள் என்கிறார் முன்னவர். நோயுற்று இறந்தாள் என்கிறார் பின்னவர். இறந்தவர் எண்ணிக்கை இருவரிடமும் முழுப் பத்தாயிரங்களாக இருப்பதைக் கவனியுங்கள். எண்ணிப் பார்த்தவர்கள் இல்லை. ஆனால் எரிந்தது மட்டும் உறுதி: லண்டனிலும் கோல்செஸ்டரிலும் தோண்டும்போது சிவந்து வெந்த மண் ஓர் அடுக்காக வருகிறது. நூல்கள் இரண்டும் முரண்படும் இடத்தில் மண் ஒரு வாக்குமூலம் தருகிறது என்று எழுதினால் அது ஆராய்வு. 'பௌடிக்கா வீரத்துடன் போரிட்டாள்' என்று முடித்தால் அது நான்கு மதிப்பெண்.

நமக்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு. பள்ளியிலிருந்தே நாம் அறிந்த ரோமானியர் மிளகு வாங்க வந்தவர்கள். அரிக்கமேட்டு மதுச் சாடிகள், கரூரில் கிடைத்த வெள்ளிக் காசுகள், பொன்னோடு வந்து கறியோடு பெயர்ந்த யவனர் கலங்கள் என்று வாடிக்கையாளராகவே பழகிவிட்டோம். வரி வாங்கிய ரோமும், சிலுவை நட்ட ரோமும் நம் மனத்தில் இல்லை. எனக்கு அது கைகூடவே ஒரு மாதம் பிடித்தது.

அடுத்தது ஹன்னிபால். இங்கேதான் பெரும்பாலோர் யானைகளோடு ஆல்ப்ஸ் மலையிலேயே தங்கிவிடுகிறார்கள். நானும் முதல் முறை ஒரு பக்கம் முழுக்கப் பனியும் யானையும்தான் எழுதினேன். கேட்கவேண்டிய கேள்வி வேறு. கன்னேயில் ஒரே நாளில் ரோமானியர் தரப்பில், வரலாற்றாசிரியர் பொலிபியஸ் கணக்கில் ஏறத்தாழ 70,000 பேர், இன்னொரு வரலாற்றாசிரியர் லிவி கணக்கில் 48,000க்குச் சற்று மேல் இறந்தார்கள். (இந்த எண்ணை எழுதும்போது யார் கணக்கு என்று சேர்த்தே எழுதுங்கள்.) எந்த அரசாக இருந்தாலும் அடுத்த நாள் தூது அனுப்பியிருக்கும். ரோம் ஏன் அனுப்பவில்லை?

விடை பொலிபியஸிடமே இருக்கிறது. கி.மு. 225இல், ஹன்னிபால் வருவதற்குச் சில ஆண்டுகள் முன்பு, ரோமும் அதன் இத்தாலிய நட்பினங்களும் சேர்ந்து களமிறக்கக்கூடிய ஆட்களை அவர் கணக்கிடுகிறார்: காலாட்கள் ஏழு லட்சத்துக்கு மேல், குதிரைவீரர் 70,000. தோற்ற இத்தாலிய இனங்களிடம் ரோம் பணம் கேட்கவில்லை, ஆள் கேட்டது. இந்த முடிச்சை அவிழ்க்கத்தான் ஹன்னிபால் வந்தார். நட்பினக் கைதிகளை மீட்புத்தொகை வாங்காமலே விடுவித்து, உங்களோடு எனக்குப் பகையில்லை என்று சொல்லி அனுப்பினார். இத்தாலிய நகரமான கப்புவா அவர் பக்கம் வந்தது, பின்னர் டாரண்டம் நகரமும் வந்தது. ஆனால் ரோம் ஆட்களைக் குடியேற்றி அமைத்த லத்தீன் நகரங்களில் ஒன்றுகூட மாறவில்லை. கி.மு. 209இல் அந்த 30 நகரங்களில் 12 இனி ஆள் தர முடியாது என்று கைவிரித்தபோதும் ஹன்னிபாலோடு சேரவில்லை. அவருடைய தோல்வி ஸாமாவில் நடந்தது என்று எழுதலாம். அது தீர்மானமானது இந்த நகரங்களின் வாசலில்.

இதைப் படித்தபின்தான், முதல் முறை நான் முழுக்க ஒதுக்கிவிட்ட பகுதி ஒன்று திறந்துகொண்டது. கி.மு. 91இல் அதே நட்பினங்கள் ரோமை எதிர்த்தன. நோட்ஸ்களில் 'சமூகப் போர்' என்று இருக்கும். நான் அதை ஏழை பணக்காரர் சண்டை என்று நினைத்து விட்டுவிட்டேன். 'நட்பினங்களின் போர்' என்பதுதான் பொருள். நூற்றுக்கணக்கான ஆண்டுகள் ரோமுக்காகச் செத்தவர்கள் குடியுரிமை கேட்டார்கள், மறுக்கப்பட்டது, தனித் தலைநகர் அமைத்து அதற்கு இத்தாலிக்கா என்று பெயர் வைத்தார்கள். அவர்கள் அச்சிட்ட காசு ஒன்றின் படத்தைப் பார்த்து நோட்டில் வரைந்துவைத்தேன்: ஒரு காளை, ஓநாயைக் கொம்பால் குத்தித் தரையில் அழுத்துகிறது. ஓநாய் ரோம் என்பதை விளக்க வேண்டியதில்லை. அடுத்த ஆண்டே ரோம் குடியுரிமை கொடுக்கத் தொடங்கியது. போரில் விட்டுக்கொடுக்காமல் சட்டத்தில் விட்டுக்கொடுத்த வல்லரசு என்று என் விடையில் எழுதினேன். இந்தத் தாளில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

அடிமைகளின் எழுச்சியை நடத்திய ஸ்பார்ட்டகஸ் பற்றி ஒரே அறிவுரை: அரைப் பக்கத்தைத் தாண்டாதீர்கள். எல்லோரும் எழுதுகிறார்கள். கி.மு. 73 முதல் 71 வரை, கப்புவாவிலிருந்து ரோம் வரை சாலையோரம் 6,000 சிலுவைகள், அவ்வளவு போதும். ஐபீரியத் தீபகற்பத்தில் ரோமை எதிர்த்த தலைவன் விரியாத்தஸும் நகரம் நுமான்சியாவும் ஐந்து மதிப்பெண்ணுக்கு உரியவை.

விடையில் நான்கில் ஒரு பங்கை வரைபடத்துக்கு ஒதுக்க வேண்டிய இடம் அலேசியா முற்றுகை. கி.மு. 52இல் கால் (Gaul, இன்றைய பிரான்ஸ் பகுதி) மக்களின் தலைவன் வெர்சிங்கெடோரிக்ஸ் குன்றின் மேல். அவனைச் சுற்றி சீசர் 11 ரோமானிய மைல் நீளத்துக்கு ஓர் அரண். உதவிப் படையைத் தடுக்க வெளிப்பக்கம் பார்த்து 14 மைலுக்கு இன்னோர் அரண். இரண்டு வட்டம் போட்டு, உள்வட்டத்துக்கும் குன்றுக்கும் நடுவில் ஒரு புள்ளி வையுங்கள். உணவு தீர்ந்ததும் உள்ளிருந்த படை வெளியேற்றிய நகரத்தாரும் அவர்களுடைய பெண்களும் குழந்தைகளும் அங்கேதான் நின்றார்கள். சீசரும் உள்ளே விடவில்லை. இதைச் சொல்பவர் சீசரே. வெட்கமில்லாமல் சொல்கிறார் என்பதும் ஒரு சான்றுதான்.

ஜெர்மானியத் தலைவன் ஆர்மினியஸிடம் வரும்போது, அவன் ரோமானியக் குடிமகன், ரோமானியத் துணைப்படையை நடத்தியவன் என்பதை முதல் வரியிலேயே எழுதுங்கள். கி.பி. 9இல் டியூட்டோபர்க் காட்டில் 17, 18, 19ஆம் படைப்பிரிவுகளை அழிக்க முடிந்ததற்கு அது ஒரு முக்கியக் காரணம். அவர்கள் நடக்கும் முறை அவனுக்கு அத்துப்படி. அந்த மூன்று எண்களையும் ரோம் பிறகு எந்தப் படைப்பிரிவுக்கும் வைக்கவில்லை. 18ஆம் பிரிவின் மார்க்கஸ் கேலியஸ் என்ற நூற்றுவர் தலைவருக்கு அவர் தம்பியோ அண்ணனோ நட்ட நினைவுக்கல் ரைன் கரையில் கிடைத்திருக்கிறது. வாரஸின் (அழிந்த படையின் ரோமானியத் தளபதி) போரில் விழுந்தார் என்கிறது அது. 53 வயது.

யூதர்களின் எதிர்ப்புக்கு எல்லோரும் ஜொசிஃபஸோடு நிறுத்திவிடுகிறார்கள். அவர் கலகத் தளபதியாகத் தொடங்கி ரோமிடம் சரணடைந்து அவர்கள் ஆதரவில் எழுதியவர். அதைக் குறிப்பிட்டே ஆகவேண்டும். ஆனால் வலப்பக்கம் உண்மையில் நிரம்புவது கி.பி. 132 முதல் 135 வரை நடந்த பார் கோக்பா என்ற யூதத் தலைவனின் எழுச்சியில். சாக்கடல் அருகேயுள்ள குகையில் அவனுடைய கடிதங்களே கிடைத்தன. தலைவனின் முழக்கத்தை எதிர்பார்த்துப் படித்தால், கூடாரப் பண்டிகைக்குப் பேரீச்ச ஓலையும் நாரத்தை வகைக் கனியும் அனுப்பச் சொல்லி ஒரு கடிதம். இன்னொன்று காசுகள்: ரோமானியக் காசை எடுத்து அதன் மேலேயே தங்கள் முத்திரையை அடித்தார்கள். சிலவற்றில் பேரரசரின் உருவம் அடியிலிருந்து இன்னும் மங்கலாகத் தெரிகிறது. எதிர்த்தவர்கள் தங்கள் குரலில் பேசும் மிகச் சில இடங்களில் இது ஒன்று.

தேர்வு நாள் பற்றிச் சொல்லப் பெரிதாக எதுவும் இல்லை. மூன்று மணி நேரம். ஐந்து பெரிய வினாக்களுக்கு 25 நிமிடம் வீதம், ஐந்து குறுவினாக்களுக்கு எட்டு நிமிடம் வீதம் வைத்தால் 15 நிமிடம் மிஞ்சும். பெயர்களின் எழுத்துக்கூட்டல் நூலுக்கு நூல் மாறும். பௌடிக்கா, பொடிக்கா, போடிசியா மூன்றையும் பார்த்திருக்கிறேன். ஒன்றைப் பிடித்துக்கொண்டு கடைசி வரை அதையே எழுதுங்கள்.

இரண்டாம் முறை 67 வந்தது. தேர்ச்சி பெற்றபின்னும் பணம் கட்டி நகல் வாங்கினேன். சங்கத்தில் எல்லோரும் சிரித்தார்கள். எதிர்ப்பு பற்றிய வினாவுக்கு 12. ஓரத்தில் இம்முறை கேள்வி எதுவும் இல்லை. நான்கு கோடி செஸ்டர்ஷியஸ் என்ற இடத்தில், டியோவின் பெயருக்குக் கீழே மட்டும் சிவப்பு மையில் ஒரு கோடு.